மனு கேட்கப்படாமலே தள்ளுபடியாவது ஏன்?

கொடகவெலவில் நாங்கள் நடத்திய தகவல் கூட்டமொன்று முடிந்து கதிரைகளை அடுக்கிக்கொண்டிருந்தபோது, ஒரு தாய் பிளாஸ்டிக் பைக்குள்ளிருந்து நாலாய் மடித்த தாளொன்றை எடுத்து நீட்டினார். சிங்களத்தில் தட்டச்சு செய்த நீதிமன்றப் பிரதி. "இதுல என்னா எழுதியிருக்குன்னு கொஞ்சம் பார்த்துச் சொல்லுங்க மிஸ். கேஸ் நடந்துக்கிட்டுத்தான் இருக்குன்னு நெனச்சுக்கிட்டு இருக்கோம்" என்றார். தாளில் இருந்தது மூன்றே வரி. மனுதாரர் தரப்பில் எவரும் சமுகமளிக்கவில்லை. முன்னைய கட்டளை நிறைவேற்றப்படவில்லை. மனு தள்ளுபடி செய்யப்படுகிறது. அதற்குக் கீழே இருந்த திகதி பதினொரு மாதம் பழையது.

வாசித்துச் சொன்னதும் அவர் கேட்ட முதல் கேள்வி: "அப்போ எங்களுக்கு அந்த எடத்துல உரிமை இல்லன்னு கோர்ட்ல சொல்லிட்டாங்களா?"

இல்லை. அந்தத் தாளில் உரிமையைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. நீதிபதி அவருடைய கதையைக் கேட்டு, எதிர்த் தரப்பின் கதையையும் கேட்டு, இவருக்கு உரித்தில்லை என்று தீர்க்கவில்லை. கேட்பதற்கு முன்பே மனு விழுந்துவிட்டது. இந்த வேறுபாட்டைத் தெரிந்துகொள்ளாததால், இனி ஒன்றும் செய்ய முடியாது என்று எண்ணிப் பல குடும்பங்கள் தாளைப் பெட்டிக்குள் வைத்து மூடிவிடுகின்றன. வேறு சில குடும்பங்கள், பழைய வழக்கு போனால் என்ன என்று அதே விடயத்துக்குப் புதிய வழக்குப் போடப் போகின்றன. இரண்டும் ஆபத்தானவை. ஏன் என்பதைக் கீழே விளக்குகிறோம். இது ஒரு சட்டத்தரணியின் ஆலோசனைக்குப் பதிலாக எழுதப்பட்டதல்ல. சட்டத்தரணியிடம் போகும்போது எதைக் கேட்க வேண்டும், எதைக் கையில் கொண்டுபோக வேண்டும் என்று நீங்கள் அறிந்திருப்பதற்காக எழுதப்பட்டது.

நீதிமன்றம் இடும் கட்டளைகள் எவை?

மனுவைத் தாக்கல் செய்து இலக்கம் வாங்கியவுடன் நம் வேலை முடிந்தது, இனி நீதிமன்றம் பார்த்துக்கொள்ளும் என்று நினைப்பது இயல்பு. உண்மையில் அன்றுதான் வேலை தொடங்குகிறது. எதிர்மனுதாரருக்கு அறிவித்தல் அனுப்ப வேண்டும், அதற்கான படிவங்களையும் முத்திரை ஒட்டிய உறைகளையும் கொடு என்பது ஒரு கட்டளை. இன்ன திகதிக்கு முன் சத்தியக்கடதாசியைத் தாக்கல் செய் என்பது இன்னொன்று. கீழ் நீதிமன்றப் பதிவேட்டின் அத்தாட்சிப்படுத்தப்பட்ட பிரதியைக் கொண்டுவா, மனுவில் உள்ள பெயர்ப்பிழையைத் திருத்து, எழுத்துமூலச் சமர்ப்பணத்தைக் கொடு என்று இவை தொடர்ந்து வரும். ஒவ்வொன்றுக்கும் ஒரு தவணை உண்டு. தவணை தவறினால் நீதிபதி இன்னொரு தவணை கொடுக்கலாம். அதுவும் தவறினால் மனு தள்ளுபடியாகலாம்.

கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றத்தை எடுத்துக்கொள்வோம். காணியிலிருந்து வெளியேறும்படி அரச அதிகாரி ஒருவர் கொடுத்த அறிவித்தலை எதிர்த்து எழுத்தாணை கேட்கும் மனுக்கள் அங்கே போவதுண்டு. அந்த நீதிமன்றத்தின் 1990ஆம் ஆண்டு நடைமுறை விதிகளில் 3ஆம் விதி சொல்வது இது: மனுவோடு சத்தியக்கடதாசி இருக்க வேண்டும், அதில் குறிப்பிடும் ஆவணங்களின் மூலப்பிரதியோ முறையாக அத்தாட்சிப்படுத்திய பிரதியோ இணைந்திருக்க வேண்டும், கிடைக்காத ஆவணம் இருந்தால் ஏன் கிடைக்கவில்லை என்பதை மனுவிலேயே எழுதி, பின்னர் தர அனுமதி கேட்க வேண்டும். இதைச் செய்யாத மனுவை, எதிர்த் தரப்பு கேட்டாலும் கேட்காவிட்டாலும், நீதிமன்றம் தானாகவே தள்ளுபடி செய்யலாம்.

இடம்பெயர்ந்த குடும்பத்துக்கு இந்த விதி எவ்வளவு கடினம் என்று சொல்லத் தேவையில்லை. எரிந்துபோன, மண்ணுக்குள் போன, ஓடிய அவசரத்தில் விட்டுவிட்டு வந்த ஆவணங்களுக்கு மூலப்பிரதி எங்கே? ஆனால் விதியை மறுபடி வாசியுங்கள். ஆவணம் இல்லாதவருக்கும் அது ஒரு வழியை வைத்திருக்கிறது. இல்லை என்பதை முன்கூட்டியே எழுதி, பிறகு தர அனுமதி கேட்பதுதான் அந்த வழி. மனுக்கள் விழுவது பெரும்பாலும் ஆவணம் இல்லாததால் அல்ல, இல்லை என்பதைச் சொல்லாததால். ஆகவே சட்டத்தரணி மனுவை எழுதும்போதே இழந்த ஆவணங்களை ஒவ்வொன்றாக அவரிடம் சொல்லுங்கள். பொலிஸ் முறைப்பாட்டின் பிரதி, கிராம உத்தியோகத்தரின் கடிதம், நிவாரண முகாமில் பதிவு செய்த அட்டை போன்றவை இருந்தால் அவற்றையும் கொடுங்கள். உங்களுக்குப் பழைய கடதாசியாகத் தெரிவது, சட்டத்தரணிக்கு விளக்கமாகப் பயன்படும்.

விலாசம்

எங்கள் அனுபவத்தில், திரும்பி வந்த குடும்பங்களின் வழக்குகளை அதிகம் கெடுப்பது சட்டமும் அல்ல, நீதிபதியும் அல்ல. விலாசம்தான்.

வழக்குப் போடும்போது நீங்கள் வவுனியாவில் உறவினர் வீட்டில் இருந்திருக்கலாம். அல்லது மண்சரிவுக்குப் பிறகு பாடசாலைக் கட்டடத்தில், கோயில் மண்டபத்தில் தங்கியிருந்திருக்கலாம். மனுவில் அந்த விலாசம் ஏறிவிட்டது. இப்போது தோட்டத்துக்குத் திரும்பிவிட்டீர்கள். நீதிமன்றம் அனுப்பும் கடிதமோ நீங்கள் இல்லாத இடத்துக்குப் போய்க்கொண்டிருக்கிறது. தபால்காரர் பதிவுத்தபாலைத் திருப்பி அனுப்பினால், விலாசதாரர் இல்லை என்ற குறிப்போடு அது வழக்குக் கோப்புக்குள் ஏறும்.

தோட்டத்துக்கு வந்துவிட்டாலும் சிக்கல் தீராது. லயத்துக்கு வீட்டு இலக்கமோ வீதிப் பெயரோ பெரும்பாலும் இல்லை. தோட்டத்தின் பெயரையும் டிவிஷனையும் எழுதினால் கடிதம் தோட்டத்து ஆபீசுக்கு வரும். அங்கிருந்து யாராவது கொண்டுவந்து தந்தால்தான் உண்டு. ஒரே தோட்டத்தில் ஒரே பெயரில் நாலு பேர் இருப்பார்கள். கடிதம் மேசை மேலேயே கிடந்து ஒரு மாதம் கழித்து வந்து சேர்ந்த கதையை இந்தப் பகுதியில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். நீதிமன்றத்துக்கு அந்த மேசை தெரியாது. கடிதம் போய்ச் சேர்ந்துவிட்டது என்றே அது எடுத்துக்கொள்ளும்.

ஆகவே இடம் மாறிய அன்றே மூன்று இடத்துக்கு அறிவியுங்கள்: உங்கள் சட்டத்தரணி, வழக்கு நடக்கும் நீதிமன்றத்தின் பதிவகம், தோட்டத்தின் தபால் வந்து சேரும் தபாலகம். நீதிமன்றத்துக்கு அறிவிப்பதை வாயால் சொல்லிவிட்டு வர வேண்டாம். வழக்கு இலக்கத்தைப் போட்டு எழுத்தில், சட்டத்தரணி மூலம் கொடுங்கள். லய விலாசத்தில் நம்பிக்கை இல்லையென்றால், வீதியோரம் கடை வைத்திருக்கும் ஒருவரின் விலாசத்தையோ நிரந்தர வீடுள்ள உறவினரின் விலாசத்தையோ, அவருடைய சம்மதத்தோடு, மேற்பார்த்து என்று போட்டுக் கொடுக்கலாம். பெல்மதுளை – எம்பிலிப்பிட்டிய பாதையோரக் கடையொன்றுக்கு வரும் கடிதம், மேல் டிவிஷன் லயத்துக்கு வரும் கடிதத்தைவிட உங்கள் கைக்கு விரைவாக வந்து சேரும்.

விலாசம் உங்கள் பக்கத்துப் பிரச்சினை மட்டுமல்ல. எதிர்த் தரப்பின் விலாசத்தைச் சரியாகக் கொடுப்பதும் உங்கள் கடமையே. உயர் நீதிமன்றத்தின் 1990ஆம் ஆண்டு விதிகள் இதில் மிகவும் கண்டிப்பானவை. விசேட அனுமதி கேட்டு அங்கே மனுப் போடுபவர், எதிர்மனுதாரர் எத்தனை பேரோ அத்தனை அறிவித்தல்களையும் விலாசமிட்டு முத்திரை ஒட்டிய உறைகளையும் மனுவோடு சேர்த்துக் கொடுக்க வேண்டும் என்கிறது 8ஆம் விதி. அதோடு நிற்கவில்லை. மனுப் போட்டு இரண்டு வாரத்துக்கும் மூன்று வாரத்துக்கும் இடையில், மனுதாரர் தரப்பு மறுபடி பதிவகத்துக்குப் போய், அந்த அறிவித்தல்களில் எதுவும் திரும்பி வந்துவிட்டதா என்று பார்க்க வேண்டும். திரும்பியிருந்தால் சரியான விலாசத்தைக் கொடுக்க வேண்டும். இந்த உறை விவகாரத்தை வைத்தே எதிர்த் தரப்பு முதல்நிலை ஆட்சேபனை எழுப்பி, வழக்கின் உள்விடயத்தைத் தொடாமலே மனுக்கள் தள்ளுபடியான சந்தர்ப்பங்கள் பல உண்டு. பல வருட வழக்கு ஓர் உறையில் முடிவது அநியாயமாகத்தான் தோன்றும். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. ஆனால் மறுபக்கமாக யோசித்தால், உங்கள் வீட்டைப் பற்றி யாரோ போட்ட வழக்கு உங்களுக்கு அறிவிக்காமலே நடந்தால் என்ன ஆகும்? அதைத் தடுப்பதற்காகவே இந்த விதி இருக்கிறது.

இரண்டு சட்டத்தரணிகள், ஒரு வழக்கு

ஊர் திரும்பும் குடும்பங்களுக்கென்றே வாய்த்த இன்னொரு பொறி இது. வடக்கில் இருந்தபோது ஒரு சட்டத்தரணிக்குப் பிறொக்சியில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருப்பீர்கள். இங்கே வந்தபின் இரத்தினபுரியில் வேறொருவரைப் பிடிப்பீர்கள். முதலாமவருக்குப் பணம் பாக்கி, அல்லது சொல்லக் கூச்சம். அதனால் அவரிடம் ஒன்றும் சொல்லாமல் விட்டுவிடுவீர்கள்.

சட்டப்படி முதலாமவர்தான் இன்னும் உங்கள் பதிவுசெய்த சட்டத்தரணி. குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 27ஆம் பிரிவின்படி, அவருக்கு அறிவித்து, நீதிமன்றத்தின் அனுமதியோடு, நீங்கள் கையெழுத்திட்ட எழுத்தின் மூலம் அந்தப் பிறொக்சியை இரத்துச் செய்யும் வரை அது உயிரோடிருக்கும். அது உயிரோடிருக்கும்போது இரண்டாமவர் கையெழுத்திட்டுக் கொடுக்கும் மேன்முறையீட்டு அறிவித்தல் செல்லாது என்று எதிர்த் தரப்பு வாதாடலாம். நீங்களே கையெழுத்திட்டுக் கொடுத்தாலும் அதே கதைதான். சட்ட அறிக்கைகளில் இத்தகைய தீர்ப்புகள் குறைவில்லை. ஆகவே புதிய சட்டத்தரணியிடம் போனால், வாயைத் திறந்து முதலில் சொல்ல வேண்டியது: "எனக்கு முன்னாடி ஒரு லோயர் இருந்தார், அந்தப் பிறொக்சி இன்னும் கேன்சல் பண்ணல்ல."

வழக்குப் போட்டவர் இறந்துவிட்டாலும் இப்படித்தான். தாத்தா பெயரில் இருந்த வழக்கு, அவர் கண்ணை மூடியபின் தானாகப் பேரனுக்கு வந்துவிடாது. மரணச் சான்றிதழைக் காட்டி, அவருடைய இடத்தில் இன்னாரைச் சேருங்கள் என்று விண்ணப்பிக்க வேண்டும். இடம்பெயர்ந்திருந்த காலத்தில் எத்தனையோ பெரியவர்கள் இறந்துபோனார்கள். அவர்கள் பெயரில் கிடப்பில் உள்ள வழக்குகள் எத்தனை என்று குடும்பத்துக்கே தெரியாமல் இருக்கிறது. வீட்டில் பழைய கோப்பு ஏதும் இருந்தால் எடுத்துப் பாருங்கள்.

நீதிமன்றம் மன்னிக்காதா?

மன்னிக்கும். ஆனால் கேட்டால்தான், அதுவும் காரணத்தோடு கேட்டால்தான்.

இந்த விடயத்தில் நம் நாட்டு நீதிமன்றங்களுக்குள்ளேயே நீண்டகாலமாக இரண்டு குரல்கள் உண்டு. 1936ஆம் ஆண்டு, வழக்குப் பத்திரத்தில் நேர்ந்த பிழையைத் திருத்த அனுமதித்த ஒரு தீர்ப்பில், அப்போதைய பிரதம நீதியரசர் சிட்னி ஏபிரகாம்ஸ், இது நீதி வழங்கும் மன்றம், சட்டம் கற்பிக்கும் கழகமல்ல என்ற கருத்தைச் சொன்னார். இன்றும் சட்டத்தரணிகள் அதை எடுத்துக் காட்டுகிறார்கள். மறுபுறம், 1997ஆம் ஆண்டின் சட்ட அறிக்கையில் வெளிவந்த தீர்ப்பொன்றில் நீதியரசர் ஏ. ஆர். பி. அமரசிங்க, நடைமுறைச் சட்டம் உரிமைச் சட்டத்துக்குத் தாழ்ந்த ஒன்றல்ல, ஒன்றில்லாமல் மற்றது நிற்காது என்று கண்டிப்பாக எழுதினார். இன்றைக்கும் எதிர்த் தரப்புச் சட்டத்தரணியின் கையில் பெரும்பாலும் இருப்பது இந்த இரண்டாவது தீர்ப்புதான்.

இரண்டுக்கும் நடுவில், உங்களுக்கு மிகவும் பயன்படக்கூடியது 1990இல் உயர் நீதிமன்றத்தில் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ எழுதிய தீர்ப்பு. அவர் சொன்னதன் சாரம்: விதிகள் எல்லாவற்றையும் பின்பற்றத்தான் வேண்டும். ஆனால் பின்பற்றவில்லை என்ற ஒரே காரணத்தால் மனு தானாகத் தள்ளுபடியாகிவிடாது. என்ன தவறு நடந்தது, அதற்கு என்ன விளக்கம், அந்த விதி எதற்காக வைக்கப்பட்டது என்பதைப் பார்த்து நீதிமன்றம் முடிவு செய்ய வேண்டும்.

இதில் "விளக்கம்" என்ற சொல்லைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளுங்கள். விளக்கம் இல்லாத இடத்தில் நீதிபதி கருணை காட்ட நினைத்தாலும் பிடித்துக்கொள்ள ஒன்றுமில்லை. "எங்களுக்குத் தெரியாதுங்க ஐயா" என்பது உண்மையாகவே இருக்கலாம், ஆனால் அது விளக்கமாகாது. அந்தத் தவணையன்று பாதை மண்ணால் மூடிக்கிடந்தது என்றால் அனர்த்த முகாமைத்துவ அலுவலர் அல்லது கிராம உத்தியோகத்தரின் கடிதம் விளக்கம். ஆஸ்பத்திரியில் இருந்தீர்கள் என்றால் நோய் நிர்ணய அட்டை விளக்கம். நீங்கள் இருந்த முகாம் மூடப்பட்டு வேறு இடத்துக்கு மாற்றப்பட்டீர்கள் என்றால் அந்தப் பதிவு விளக்கம். திரும்பிப்போன கடிதத்தின் உறையும் விளக்கமே, அதை எறிந்துவிட வேண்டாம். பெயர் போடாமல் போனால் அந்த நாள் சம்பளம் போய்விடும் என்பதால் தவணைக்குப் போகவில்லை என்று ஒரு தொழிலாளி என்னிடம் சொன்னார். அவருடைய நிலைமை எனக்கு விளங்கியது. நீதிமன்றத்தில் அந்தக் காரணம் எடுபடுமா என்றால், நம்பியிருக்க வேண்டாம் என்றுதான் சொல்வேன்.

சட்டத்தரணி வரவில்லை என்பதும் தன்னளவில் போதாது. திகதியைத் தவறாகக் குறித்துக்கொண்டது போன்ற மனிதத் தவறை நீதிமன்றங்கள் ஒரு விதமாகவும், தொடர்ந்த அசிரத்தையை வேறு விதமாகவும் பார்க்கின்றன. அவர் தவறாகக் குறித்திருந்தால், அதை அவரே சத்தியக்கடதாசியில் சொல்லத் தயாரா என்று கேளுங்கள்.

தள்ளுபடியான பிறகு நாட்களை எண்ணுங்கள்

மாவட்ட நீதிமன்றத்தில் நீங்கள் வழக்காளியாக இருந்து, தவணைக்குப் போகாததால் வழக்குத் தள்ளுபடியானால், குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 87ஆம் பிரிவு பொருந்தும். அதே காரணத்துக்காகப் புதிய வழக்குப் போட அந்தப் பிரிவு இடம் தராது. தொடக்கத்தில் சொன்ன ஆபத்து இதுதான். புதிய வழக்குக்காகக் கடன் வாங்கிச் செலவழித்து, அதுவும் செல்லாது என்று வந்தால் இரட்டை இழப்பு. சரியான வழி, பழைய தள்ளுபடிக் கட்டளையை நீக்கும்படி மனுவும் சத்தியக்கடதாசியுமாக அதே நீதிமன்றத்தைக் கேட்பது. நியாயமான காலத்துக்குள் என்கிறது சட்டம். எத்தனை நாள் என்று சொல்லவில்லை. ஆகவே அறிந்த மறுநாளே புறப்படுங்கள். தாமதமாக அறிந்திருந்தால், எந்த நாளில் எப்படி அறிந்தீர்கள் என்பதையும் எழுதுங்கள்.

நீங்கள் பிரதிவாதியாக இருந்து, உங்களில்லாமலே தீர்ப்பு வந்திருந்தால் கணக்கு வேறு. அந்தத் தீர்ப்பாணை உங்கள் கையில் சேர்ப்பிக்கப்பட்ட நாளிலிருந்து 14 நாட்களுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். இது 86ஆம் பிரிவு. கையில் கிடைத்த திகதியைத் தாளின் பின்பக்கத்தில் அப்போதே எழுதி வையுங்கள்.

மேன்முறையீடு செய்வதானால் இரண்டு காலக்கெடுக்கள் உண்டு, இரண்டையும் எண்ணும் விதம் வேறு. மேன்முறையீட்டு அறிவித்தலுக்கு 14 நாட்கள். இதில் தீர்ப்பு நாள், தாக்கல் செய்யும் நாள், ஞாயிறுகள், பொது விடுமுறைகள் கழியும். மேன்முறையீட்டு மனுவுக்குத் தீர்ப்புத் திகதியிலிருந்து 60 நாட்கள். இதில் ஞாயிறும் போயாவும் கழியும் என்று நினைத்து ஏமாந்தவர்கள் உண்டு. கழியாது என்று எண்ணிக்கொண்டு நடப்பதே பாதுகாப்பு.

மேன்முறையீட்டு நீதிமன்றத்திலோ உயர் நீதிமன்றத்திலோ மனு தள்ளுபடியாகியிருந்தால், அதை மீண்டும் பட்டியலில் சேர்க்கும்படி விண்ணப்பிக்க வேண்டியிருக்கும். அதற்குப் புதுக்கடைக்குப் போகத்தான் வேண்டும்.

இன்னொரு விடயமும் உண்டு. மனுவோடு சேர்த்து இடைக்காலத் தடை வாங்கியிருந்தீர்களானால், மனு விழும்போது தடையும் விழும். அரச காணிகளின் உடைமையை மீளப் பெறும் 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் வெளியேற்ற நடவடிக்கை நடக்கும் இடங்களில் இது உயிர்ப் பிரச்சினை. அந்தச் சட்டத்தில் நீதவான் முன்னால் நீங்கள் காட்டக்கூடியது, அரசு தந்த செல்லுபடியான அனுமதிப்பத்திரமோ எழுத்துமூல அதிகாரமோதான். பரம்பரையாக இருக்கிறோம் என்பதை அங்கே கேட்க மாட்டார்கள். ஆகவேதான் மேல் நீதிமன்றங்களில் தடை கேட்கிறார்கள். அந்தத் தடை இருக்கிறது என்று நம்பிக்கொண்டிருக்கையில் ஒருநாள் காலை பிஸ்கால் வாசலில் வந்து நிற்பார். இரண்டு மாதத்துக்கு ஒரு முறையாவது சட்டத்தரணியிடம் வழக்கின் நிலையைக் கேட்டு, அடுத்த தவணையைக் குறித்துக்கொள்ளுங்கள்.

தோட்டத்தை, வீட்டை வேறொருவர் பிடித்திருந்தால்

திரும்பி வந்து பார்க்கும்போது உங்கள் மரக்கறித் தோட்டத்தில் வேறொருவர் வேலி போட்டிருப்பது புதிதல்ல. சண்டை மூளும் நிலை வந்தால், 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ் பொலிசார் வழக்குப் போடலாம், நீங்களே சத்தியக்கடதாசியோடு போகவும் முடியும். வேகமான வழக்கு இது. சத்தியக்கடதாசிக்குத் தரும் காலம் குறுகியது, வாரக் கணக்குத்தான். அந்தத் திகதியில் நீங்கள் வராவிட்டாலோ, வந்தும் சத்தியக்கடதாசியும் ஆவணங்களும் கொடுக்காவிட்டாலோ, விசாரணையில் பங்குபற்றும் உரிமையை இழப்பீர்கள். இருக்கிற தாள்களை மட்டும் பார்த்து நீதவான் கட்டளையிடுவார். பலவந்தமாக வெளியேற்றப்பட்டிருந்தால், அது வழக்குப் போடுவதற்கு முந்திய இரண்டு மாதங்களுக்குள் நடந்திருக்க வேண்டும் என்பதும் கணக்கு. இந்தக் கட்டளைக்கு எதிராக மேன்முறையீடு கிடையாது. மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு கேட்கலாம், அவ்வளவுதான். பேச்சுவார்த்தையில் பார்ப்போம் என்று நல்லெண்ணத்தோடு மூன்று மாதம் பொறுத்திருந்தவர் இந்த வழியை இழந்துவிடுகிறார். பேசுங்கள், ஆனால் நாட்காட்டியைப் பார்த்துக்கொண்டே பேசுங்கள்.

உரிமை கோருவதற்கான காலமும் இப்படித்தான். போரினால் காணிக்கு வழக்குப் போட முடியாமல் போனவர்களுக்காக 2016இல் 5ஆம் இலக்கக் காலவிதிப்பு விசேட ஏற்பாடுகள் சட்டம் வந்தது. 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தைக் கணக்கில் எடுக்காமல் விட அது வழி செய்தது. ஆனால் அந்தக் கதவும் இரண்டு வருடமே திறந்திருந்தது. அடிப்படை உரிமை மீறலுக்கு உயர் நீதிமன்றம் போக ஒரு மாதம்தான். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறைப்பாடு செய்தால், விசாரணை நடக்கும் காலம் கழியும். முறைப்பாடு கொடுத்த துண்டு மட்டும் போதாது, விசாரணை நடக்கிறது என்பதைக் காட்டும் கடிதத்தையும் கேட்டு வாங்குங்கள். தோட்டத்து வேலையிலிருந்து நிறுத்தப்பட்டவர் தொழில் நியாய மன்றத்துக்குப் போகவும் காலக்கெடு உண்டு.

மொழியும் உதவியும்

இரத்தினபுரி மாவட்ட நீதிமன்றங்கள் சிங்களத்தில் நடக்கின்றன. அதற்காக நீங்கள் ஊமையாக நிற்க வேண்டியதில்லை. அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரையின்படி நீங்கள் தமிழிலும் மனுவைக் கொடுக்கலாம். நடவடிக்கை விளங்காவிட்டால் மொழிபெயர்ப்பாளரையும் தமிழ் மொழிபெயர்ப்பையும் கேட்கும் உரிமை உங்களுக்கு உண்டு, அதை ஏற்பாடு செய்வது அரசின் கடமை. மொழிபெயர்ப்பாளர் கிடைக்கத் தாமதமாகி வழக்கு ஒத்திப்போகலாம் என்பது உண்மைதான். ஆனால் விளங்காத கட்டளைக்குத் தலையாட்டிவிட்டு வருவதைவிட ஒரு தவணை பிந்துவது மேல். குறைந்தது, நீதிமன்றத்தை விட்டு வெளியே வருமுன் இரண்டு கேள்விகளைச் சட்டத்தரணியிடம் கேளுங்கள்: இன்றைக்கு என்ன செய்யச் சொன்னார்கள், எந்தத் திகதிக்குள்?

கட்டணம் கொடுக்க வசதியில்லாதவர்களுக்கு, 1978ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டத்தால் அமைக்கப்பட்ட சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. இரத்தினபுரியில் அதன் நிலையம் உண்டு. போகும்போது அடையாள அட்டை, வருமானத்தைக் காட்டும் சம்பளச் சீட்டு அல்லது கிராம உத்தியோகத்தரின் கடிதம், வழக்கு இலக்கம் எழுதிய ஏதாவது ஒரு தாள், கையிலுள்ள உறைகள், பற்றுச்சீட்டுகள் எல்லாவற்றையும் கொண்டுபோங்கள். எது தேவை, எது தேவையில்லை என்று வீட்டிலேயே பிரித்து எறிய வேண்டாம். அடையாள அட்டையில் ஒரு விதமாகவும் பிறப்புச் சான்றிதழில் வேறு விதமாகவும் பெயர் இருந்தால், இரண்டும் ஒருவரே என்று சமாதான நீதவான் முன் சத்தியக்கடதாசி ஒன்று முடித்துக்கொண்டு போவது நல்லது.

கூட்டத்தில் தாளை நீட்டிய அந்தத் தாய், அடுத்த வாரமே மகனைக் கூட்டிக்கொண்டு இரத்தினபுரிக்குப் போனார். பதினொரு மாதத் தாமதத்துக்கு அவரிடம் இருந்த விளக்கம், பழைய முகாம் விலாசத்துக்குப் போய்த் திரும்பிய ஒரு பதிவுத்தபால் உறை. அதை அவர் அரிசிப் பெட்டியின் மூடிக்குள் ஒட்டி வைத்திருந்தார். தள்ளுபடியை நீக்கக் கேட்கும் மனு இப்போது தாக்கலாகியிருக்கிறது. அதற்கும் தவணை போட்டிருக்கிறார்கள். இம்முறை மனுவில் இருப்பது, சந்தியில் கடை வைத்திருக்கும் அவருடைய மச்சானின் விலாசம்.